பிரேசில் கறிக்கோழித் தொழில்: ஒப்பந்த வளர்ப்பு, ஏற்றுமதி, பறவைக் காய்ச்சல் (விவாத இழை)

தமாம் செல்வம்:
அனைவருக்கும் வணக்கம். நான் சவூதியின் கிழக்கு மாகாணத்தில், உணவுப்பொருள் மொத்த விற்பனை செய்யும் ஒரு நிறுவனத்தின் குளிர்பதனக் கிடங்கில் வேலை பார்க்கிறேன். நம் ஆட்கள் தங்கியிருக்கும் முகாம்களின் சமையற்கூடங்களுக்கு இங்கிருந்து போகும் உறைந்த கோழியில் பெரும்பகுதி பிரேசிலிலிருந்து வருவதுதான். 900 கிராம், 1000 கிராம், 1100 கிராம் என எடைவாரியாகப் பிரித்து அடுக்கப்பட்ட சிறிய முழுக்கோழிகள். அட்லாண்டிக் பெருங்கடலைக் கடந்து வாரக்கணக்கில் குளிர்பெட்டியில் பயணம் செய்து வரும் கோழி, பக்கத்துப் பண்ணையில் வளரும் உள்ளூர்க் கோழியைவிட விலை குறைவாக இருப்பது எப்படி? கூலி குறைவு என்கிறார் ஒருவர்; அரசு மானியம் என்கிறார் இன்னொருவர். இரண்டும் எனக்கு நிறைவளிக்கவில்லை. விவரம் அறிந்தவர்கள் விளக்க வேண்டுகிறேன்.

தானியச்சந்தை மணி (சிங்கப்பூர்):
செல்வம், தீவனத்திலிருந்து தொடங்குங்கள். கறிக்கோழி வளர்க்கும் செலவில் ஏறக்குறைய மூன்றில் இரண்டு பங்கு தீவனத்துக்கே போகிறது. அந்தத் தீவனம் பெரும்பாலும் மக்காச்சோளமும் சோயாப் பிண்ணாக்கும்தான். உலகில் மிக அதிகமாகச் சோயா விளைவிக்கும் நாடு பிரேசில். அங்கே ஜனவரி, பிப்ரவரியில் சோயாவை அறுத்த கையோடு அதே வயலில் மக்காச்சோளத்தை விதைத்துவிடுகிறார்கள். 'சஃப்ரீன்யா' எனப்படும் இந்த இரண்டாம் போகமே இன்று அந்நாட்டு மக்காச்சோளத்தில் நான்கில் மூன்று பங்கு அளவுக்கு வளர்ந்திருக்கிறது. சவூதிப் பண்ணையாளரோ அதே மக்காச்சோளத்தைக் கப்பலில் வரவழைத்து, அந்த வெயிலில் கொட்டகையையும் குளிர்வித்து வளர்க்க வேண்டும். ஒரு கிலோ உயிர் எடைக்கு ஒன்றரைக் கிலோவுக்கு மேல் தீவனம் வேண்டும் என்றால், தீவனத்தைக் கப்பலேற்றுவதா, அதைக் கறியாக்கிக் கப்பலேற்றுவதா என்ற கணக்கு உங்களுக்கே விளங்கும்.

இதற்கு அடுத்த காரணம், ஒரே கோழியை உலகம் முழுவதற்கும் பங்கிட்டு விற்கும் திறமை. வளைகுடா நாடுகளுக்குச் சுமார் 30 நாளிலேயே பிடிக்கப்படும் சிறிய முழுக்கோழி போகிறது. எலும்பு நீக்கிய தொடைக்கறிக்கு ஜப்பானும், பாதத்துக்குச் சீனாவும், நெஞ்சுக்கறிக்கு ஐரோப்பாவும் வாங்குபவர்கள். எலும்புக்கூட்டில் ஒட்டியிருக்கும் கறியை இயந்திரத்தால் பிழிந்தெடுத்த கூழ், தென்னாப்பிரிக்காவில் மலிவான இறைச்சி உருளைகள் செய்யப் போகிறது. சீனாவில் பாதம் வாங்க ஆள் இருப்பதால்தான் ஜப்பானுக்குத் தொடையை அந்த விலைக்குக் கொடுக்க முடிகிறது. எந்த உறுப்பும் வீணாகாத இடத்தில் ஒவ்வோர் உறுப்பின் விலையும் இறங்குகிறது.

அளவையும் சொல்லிவிடுகிறேன். ஆண்டு உற்பத்தி ஏறக்குறைய ஒன்றரைக் கோடி டன். ஏற்றுமதி 50 இலட்சம் டன்னுக்குச் சற்று மேல். மீதியை அவர்களே உண்கிறார்கள். தலைக்கு ஆண்டுக்குச் சுமார் 45 கிலோ. 1994-இல் ரெயால் நாணயம் அறிமுகமானபோது, கிலோ ஒரு ரெயாலுக்குக் கிடைத்த கோழிதான் பணவீக்கம் அடங்கியதற்கு மக்கள் கண்ட சான்றாக இருந்தது. உள்நாட்டுச் சந்தை இவ்வளவு பெரிதாக இருப்பதால் வெளிநாட்டில் ஒரு கதவு மூடினாலும் தொழில் உடனே சாய்ந்துவிடுவதில்லை.

பல்லடம் ராசு:
மணி ஐயா, தீவனக் கணக்கு ஒப்புக்கொள்ளத் தக்கதே. ஆனால் அந்தக் கோழியை வளர்ப்பவர் யார், அவர் கையில் என்ன மிஞ்சுகிறது என்பதை யாரும் சொல்லவில்லை. எங்கள் பகுதியில் குஞ்சும் தீவனமும் மருந்தும் கம்பெனியுடையவை. கொட்டகை, தண்ணீர், மின்சாரம், ஆள், கடன் எல்லாம் எங்களுடையவை. கிலோவுக்கு இவ்வளவு என்று வளர்ப்புக் கூலி. பிரேசிலிலும் இதே முறைதான் என்று கேள்விப்பட்டிருக்கிறேன். அங்கே வளர்ப்பவர்களின் நிலை எப்படி?

இளங்கோ (குளிர்பதனப் பொறியாளர்):
ராசு அண்ணா, நான் வேலை நிமித்தம் சான்டா கத்தரினா மாநிலத்தின் மேற்குப் பகுதியில், ஷப்பெகோ நகரை ஒட்டிச் சில காலம் தங்கியிருந்தவன். நீங்கள் கேட்டது சரியே. உலகத்துக்குப் பிரேசில் கோழி அனுப்புவதன் அடித்தளம் அந்த ஒப்பந்த முறைதான். அது உருவானதும் அந்த மலைச்சரிவுகளில்தான்.

அங்கே நிலம் மேடும் பள்ளமுமாக இருக்கும். இத்தாலிய, ஜெர்மானியக் குடியேறிகளின் வழிவந்த குடும்பங்கள் சிறு துண்டு நிலங்களில் சோளம், பன்றி, பால் என்று பிழைத்தன. 1944-இல் கொன்கோர்டியா ஊரில் அட்டீலியோ ஃபொன்டானா தொடங்கிய சாதியா நிறுவனம், 1960-களில் இந்தக் குடும்பங்களிடம் குஞ்சும் தீவனமும் கொடுத்து வளர்த்துத் திரும்பப் பெறும் முறையைக் கோழிக்குக் கொண்டுவந்தது. விடெய்ரா ஊரில் 1934-இல் பிறந்த பெர்டிகாவ் நிறுவனமும் இந்த வழியில் வளர்ந்தது. 1975-இல் மத்தியக் கிழக்குக்கு முழுக்கோழி ஏற்றுமதி தொடங்கியது. அதே ஆண்டு கொன்கோர்டியாவில் பன்றிக்கான ஆராய்ச்சி மையத்தை அரசின் வேளாண் ஆராய்ச்சி நிறுவனமான எம்ப்ராப்பா அமைத்தது; கோழி ஆராய்ச்சியும் பின்னர் அதில் சேர்ந்தது. சாதியாவும் பெர்டிகாவும் 2009-இல் இணைந்து பி.ஆர்.எஃப். என்ற ஒரே நிறுவனம் ஆயின. செல்வம் அவர்களின் கிடங்கில் சாதியா பெயரிட்ட பெட்டிகள் கட்டாயம் இருக்கும்.

நான் பார்த்த கொட்டகை ஒன்றைச் சொல்கிறேன். அகலம் 12 மீட்டர், நீளம் 100 மீட்டர். பழைய அளவு அது. தரையில் மரச்சீவல் படுக்கை. ஒவ்வொரு பேட்சுக்கும், அதாவது ஒரே முறையில் இறக்கி வளர்க்கும் கோழிக் கூட்டத்துக்கும், அதை மாற்றுவதில்லை. மேற்பரப்பைக் கிளறி, சுண்ணாம்பு இட்டு, பல பேட்சுகளுக்குத் தொடர்கிறார்கள். குளிர்காலத்தில் விறகு அடுப்பிலிருந்து குழாய் வழியாகச் சூடான காற்றை உள்ளே செலுத்துகிறார்கள். குஞ்சு இறங்கிய முதல் இரவுகளில் அந்த அடுப்பு அணையாமல் காக்க வீட்டில் ஒருவர் விழித்தேயிருக்கிறார். பேட்ச் முடிந்து கணக்குத் தாள் வரும். தின்ற தீவனம், பிடித்த எடை, செத்த எண்ணிக்கை, பாதத்தில் உள்ள புண் ஆகியவற்றுக்கெல்லாம் மதிப்பெண் உண்டு. பாதத்துக்கு ஏன் என்று கேட்டால், சீனாவுக்குப் போவது அந்தப் பாதம்தான் என்று விடை வரும். சராசரியை மிஞ்சியவருக்குக் கூடுதல் தொகை, பின்தங்கியவருக்குக் கழிவு. குஞ்சின் தரமும் தீவனத்தின் தரமும் வளர்ப்பவர் கையில் இல்லை. ஆனால் அவற்றின் விளைவு முழுவதும் அவர் தாளில் ஏறுகிறது.

இப்போது கம்பெனிகள் முற்றிலும் மூடிய, இருட்டான, விசிறியால் காற்றை இழுக்கும் பெரிய கொட்டகைகளையே விரும்புகின்றன. வங்கிக்கடன் பத்தாண்டுக்கும் நீளும். ஒப்பந்தமோ அவ்வளவு காலத்துக்கு உறுதி தருவதில்லை. ஊரைச் சுற்றி உள்ள கோழி அறுக்கும் ஆலை ஒன்றுதான் என்றால், பேரம் பேச வளர்ப்பவருக்கு இடமே இல்லை.

பல்லடம் ராசு:
தம்பி, எங்கள் ஊர்த் தாளைப் படிப்பதுபோல் இருக்கிறது. பாதப்புண் ஒன்றுதான் எங்களிடம் இல்லை.

தானியச்சந்தை மணி:
இளங்கோ சொன்னவற்றை மறுக்கவில்லை. ஆனால் படத்தின் இன்னொரு பக்கமும் உண்டு. அந்த மலைச்சரிவில் டிராக்டர் ஓட்டிச் சோயா போட முடியாது. ஒப்பந்த வளர்ப்பு வராமல் இருந்திருந்தால் அந்தக் குடும்பங்களில் பெரும்பான்மை எப்போதோ நகரத்துக்குப் போயிருக்கும். விலை விழுந்த காலத்திலும் கூலி வருகிறது என்பதே பலரை நிலத்தில் நிறுத்தியிருக்கிறது. பரானா மாநிலத்தையும் பாருங்கள். நாட்டின் கோழி உற்பத்தியிலும் ஏற்றுமதியிலும் முதலிடம் அதற்கே. அங்கே பாலோட்டினாவில் சீ.வாலி, கஃபேலாந்தியாவில் கொப்பகோல், மெடியனெய்ராவில் லார் என்று ஆலைகளையே கூட்டுறவுகள் நடத்துகின்றன. உறுப்பினர் தம் மக்காச்சோளத்தைக் கூட்டுறவுக்கு விற்கிறார், அதே கூட்டுறவின் தீவனத்தில் கோழி வளர்க்கிறார், ஆண்டு இறுதியில் உபரியில் பங்கும் பெறுகிறார். ஷப்பெகோவின் அவுரோராவும் 1969-இல் தொடங்கிய கூட்டுறவுக் கூட்டமைப்புதான்.

இளங்கோ:
கூட்டுறவு என்ற பெயரே பாதுகாப்பு ஆகிவிடாது, மணி அவர்களே. அவையும் அதே உலக விலைக்குத்தான் விற்கின்றன. கணக்குத் தாளும் ஏறக்குறைய அதேதான். ஆயினும் உபரியில் பங்கு என்பது பெரிய வேறுபாடு என்பதை ஏற்கிறேன்.

மருத்துவர் கயல்விழி:
பல்கலைக்கழகத்தில் இருக்கும் கால்நடை மருத்துவராக ஒன்றைச் சேர்க்க விரும்புகிறேன். தீவனமும் ஒப்பந்தமும் மட்டும் பிரேசிலை முதலிடத்துக்குக் கொண்டுவரவில்லை. 2003 இறுதியிலும் 2004-லும் பறவைக் காய்ச்சல் தாய்லாந்தையும் சீனாவையும் தாக்கியபோது, ஜப்பான் உள்ளிட்ட நாடுகள் அவற்றின் பச்சைக் கோழிக்கறிக்குக் கதவை மூடின. நோய் எட்டாத பிரேசில் அந்த இடத்தை நிரப்பியது. 2004-இல் அமெரிக்காவைத் தாண்டி உலகின் முதல் ஏற்றுமதியாளரானது. அதன்பின் இருபது ஆண்டுகளுக்கு மேல், வணிகப் பண்ணையில் இந்த நோய் இல்லை என்ற சான்றே அதன் மிகப் பெரிய மூலதனமாக இருந்தது.

2023 மே மாதம் எஸ்பிரிட்டு சான்டு மாநிலக் கடற்கரையில் காட்டுப் பறவைகளிடம் வைரசு கண்டறியப்பட்டது. 2025 மே நடுவில், ரியோ கிராண்டி டோ சுல் மாநிலத்தின் மான்டினெக்ரோ நகராட்சியில், குஞ்சு பொரிக்கும் முட்டைக்காக வளர்க்கப்பட்ட தாய்க்கோழிப் பண்ணை ஒன்றில் நோய் உறுதியானது. அங்கிருந்தவை சுமார் 17 ஆயிரம் பறவைகள். ஆண்டுக்குப் பலநூறு கோடிக் கோழிகளை அறுக்கும் நாட்டில் இது ஒரு தூசு அளவே. ஆயினும் பண்ணையைச் சுற்றி 10 கிலோமீட்டர் வட்டத்தில் ஒவ்வொரு பண்ணையையும் ஆய்வு செய்தார்கள். வண்டிகளை நிறுத்திச் சக்கரங்களில் கிருமிநாசினி தெளித்தார்கள். அந்தப் பண்ணையிலிருந்து வேறு மாநிலங்களுக்குப் போயிருந்த முட்டைகளையும் தேடி அழித்தார்கள். தாய்க்கோழிப் பண்ணை என்பதால் இந்த முட்டைத் தடத்தைப் பின்தொடர்வதுதான் மிகக் கடினமான வேலை.

வணிகத்தில் நடந்ததைக் கவனியுங்கள். சீனாவுடனும் ஐரோப்பிய ஒன்றியத்துடனும் செய்த ஏற்பாட்டின்படி, ஏற்றுமதிச் சான்றிதழில் நாடு முழுவதும் நோயற்றது என்று எழுத வேண்டியிருந்தது. அந்த வாசகத்தில் கையெழுத்திட முடியாது என்பதால் பிரேசில் தானாகவே சான்று வழங்குவதை நிறுத்தியது. ஜப்பானோ பாதிக்கப்பட்ட நகராட்சியின் கோழியை மட்டும் விலக்கியது. வேறு சில நாடுகள் அந்த மாநிலத்தை மட்டும் விலக்கின. ஒரே நோய், ஒரே பண்ணை; எழுதி வைத்த வாசகத்தைப் பொறுத்து ஒரு நாட்டுக்கு முழுத் தடை, இன்னொரு நாட்டுக்கு ஊரளவுத் தடை. கிருமிநீக்கம் முடிந்து 28 நாள் புதிய நோய் வராததால் ஜூன் 18-இல் பிரேசில் தன்னை நோயற்ற நாடு என அறிவித்தது. ஐரோப்பா செப்டம்பரிலும் சீனா நவம்பரிலும்தான் கதவைத் திறந்தன. வட்டார அடிப்படையிலான தடை என்ற ஏற்பாட்டை நோய் வருவதற்கு முன்பே ஒவ்வொரு நாட்டுடனும் பேசி முடிக்க வேண்டும் என்பது என் உறுதியான கருத்து. நோய் வந்தபின் பேசினால் மாதங்கள் போய்விடும்.

நாமக்கல் வாசகர்:
இந்தக் கோழி நம் நாட்டுக்கு ஏன் வரவில்லை?

தானியச்சந்தை மணி:
கோழித்தொடை போன்ற துண்டுகளுக்கு இந்தியா நூறு விழுக்காடு சுங்கவரி விதிக்கிறது. அத்துடன் நம் மக்கள் கண்முன் அறுத்த கறியையே விரும்புகிறார்கள். உறைந்த கோழிக்கு இங்கே பெரிய சந்தை இல்லை.

தமாம் செல்வம்:
டாக்டர் அம்மா, நோய்ப் பக்கம் நன்றாக விளங்கியது. இன்னோர் ஐயம். 2017-இல் பிரேசில் இறைச்சியைப் பற்றிப் பெரிய செய்தி வந்தது. சில வாரங்கள் எங்கள் வாடிக்கையாளர்கள் பெட்டியைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்கள். அதை எப்படி மதிப்பிடுவது?

மருத்துவர் கயல்விழி:
அது 2017 மார்ச் 17 அன்று கூட்டாட்சிக் காவல்துறை நடத்திய 'கார்னி ஃபிராகா' சோதனை. ஆய்வாளர்கள் சிலர் கையூட்டுப் பெற்றுக்கொண்டு சான்றளித்தார்கள் என்பது குற்றச்சாட்டின் மையம். அப்போது பல நாடுகள் தற்காலிகத் தடை விதித்து, பெரும்பாலானவை சில நாட்களிலோ வாரங்களிலோ தளர்த்தின. அடுத்த ஆண்டு மார்ச்சில் நடந்த 'டிரப்பாசா' விசாரணையில், சால்மொனெல்லா என்ற நோய்க்கிருமி பற்றிய ஆய்வு முடிவுகள் ஆய்வகங்களில் திரிக்கப்பட்டன என்ற குற்றச்சாட்டு எழுந்தது. 2018-இல் ஐரோப்பிய ஒன்றியம் 20 ஆலைகளைப் பட்டியலிலிருந்து நீக்கியது.

என் மதிப்பீடு இது. பிரேசிலின் ஆய்வு முறை தாளில் வலுவானது. ஏற்றுமதி ஆலை ஒவ்வொன்றிலும் எஸ்.ஐ.எஃப். எனப்படும் கூட்டாட்சி ஆய்வுத் துறை இருந்தாக வேண்டும். நீங்கள் உறையைத் திருப்பினால் அந்த முத்திரையும் ஆலை எண்ணும் இருக்கும். ஆனால் ஆய்வாளர் நாள் முழுவதும் ஒரே ஆலைக்குள் அதே மேலாளர்களுடன் இருக்கிறார். அவரைக் கண்காணிக்க வெளியிலிருந்து ஒரு கண் இல்லாவிட்டால் முத்திரைக்கு மதிப்பு குறையும். 2017-இல் அந்தக் கண்ணாக இருந்தது காவல்துறை. ஒரு நாடு தன் மிகப் பெரிய தொழில்களில் ஒன்றைத் தானே விசாரித்தது என்பதையும் குறிப்பிட வேண்டும்.

மருந்து விஷயத்தில், வளர்ச்சிக்காகக் கொலிஸ்டின் என்ற நுண்ணுயிர்க்கொல்லி மருந்தைக் கொடுப்பதைப் பிரேசில் 2016-இல் தடை செய்தது. இந்தியா அதே மருந்தை உணவுக்கான விலங்குகளுக்குத் தடை செய்தது 2019-இல். கொலிஸ்டின், வேறு மருந்துகள் கைவிட்ட நோயாளிக்கு மனித மருத்துவத்தில் கடைசியாகக் கொடுக்கப்படுவது. கோழியை வேகமாகக் கொழுக்க வைக்க அதைச் செலவழித்தது பெரும் தவறு என்றே நான் கருதுகிறேன்.

இளங்கோ:
ஆலைக்குள் வேலை செய்பவர்களைப் பற்றி யாரும் பேசவில்லை என்பதால் எழுதுகிறேன். துண்டு போடும் அறையின் வெப்பநிலை 12 பாகை செல்சியசுக்கு மேல் போகக் கூடாது என்பது சுகாதார விதி. என் வேலையே அந்தக் குளிரைக் காப்பது. அந்தக் குளிரில் தோளோடு தோள் நின்று, நகரும் வரிசையில் வரும் தொடையிலிருந்து எலும்பை நீக்குகிறார்கள். ஜப்பானுக்குப் போகும் தொடையில் ஒரு சிறு எலும்புச் சில்லும் இருக்கக் கூடாது. கத்தி பிடிக்கும் கை ஒரே அசைவை நாள் முழுவதும் செய்கிறது. மணிக்கட்டிலும் தோளிலும் நிலையான வலியோடு வேலையை விட்டவர்களை அந்த ஊர்களில் எளிதாகச் சந்திக்கலாம்.

பல ஆண்டுப் போராட்டத்துக்குப் பிறகு 2013-இல் இறைச்சி ஆலைகளுக்கென்றே 36-ஆம் எண் தொழில்நெறி வந்தது. வேலைநேரத்துக்கு ஏற்பக் கட்டாய இடைவேளைகள், உட்காரும் வசதி, வரிசையின் வேகம் பற்றிய கட்டுப்பாடுகள் அதில் இடம்பெற்றன. குளிரில் வேலை செய்பவருக்கு ஒரு மணி 40 நிமிடத்துக்கு ஒருமுறை 20 நிமிட ஓய்வு என்பது அந்நாட்டின் தொழிலாளர் சட்டத்திலேயே உண்டு. இடைவேளைக்கு மணி அடித்ததும் எல்லோரும் கையுறையைக் கழற்றி விரல்களை மடக்கி நீட்டுவார்கள். அதைப் பார்த்தவர்களுக்கு அந்த 20 நிமிடத்தின் அருமை தெரியும். உள்ளூர் இளைஞர்கள் இந்த வேலைக்கு வராத இடத்தில் ஹெய்ட்டியிலிருந்தும் வெனிசுவேலாவிலிருந்தும் வந்தவர்களும், கைங்காங் பழங்குடியினரும் நிற்கிறார்கள். ஹலால் அறுப்புக்கு முஸ்லிம் தொழிலாளர்கள். அவர்களிலும் பலர் வெளிநாட்டிலிருந்து வந்தவர்கள். செல்வம் அண்ணனின் முகாமில் இருப்பவரும் அந்த வரிசையில் நிற்பவரும் வீட்டுக்குப் பணம் அனுப்பும் ஒரே வகை மனிதர்கள்.

பல்லடம் ராசு:
மணி ஐயா, மலிவான தீவனம் என்றீர்கள். அந்த நிலம் எங்கிருந்து வந்தது?

தானியச்சந்தை மணி:
நியாயமான கேள்வி, ராசு. பெரும்பகுதி செராடோ எனப்படும் நடுப்பிரேசில் புல்வெளிக் காடுகளிலிருந்து. காடழித்த நிலத்தின் சோயாவை வாங்குவதில்லை என்று வணிகர்கள் 2006-இல் செய்துகொண்ட உடன்பாடு அமேசான் பகுதிக்கு மட்டுமே இருந்தது. செராடோவுக்கு அத்தகைய தடுப்பு இருந்ததில்லை. நான் இந்தத் துறையில் வேலை செய்பவன் என்றாலும், இந்தச் செலவு கோழியின் விலையில் சேர்வதில்லை என்பதை ஒளிக்க மாட்டேன். தீவனம் எல்லோருக்கும் எப்போதும் மலிவும் இல்லை. சான்டா கத்தரினா தன் தேவைக்குப் போதிய மக்காச்சோளம் விளைவிப்பதில்லை. ஆயிரம் கிலோமீட்டருக்கு அப்பால் உள்ள மாட்டோ குரோசோ மாநிலத்திலிருந்தும், அண்டை நாடான பராகுவேயிலிருந்தும் லாரியில் வரவழைக்கிறது. 2018 மே மாதம் லாரி ஓட்டுநர்கள் வேலைநிறுத்தம் செய்தபோது தீவனம் எட்டாமல் கோடிக்கணக்கான கோழிகள் மடிந்தன.

பல்லடம் ராசு:
வெளிப்படையாகச் சொன்னதற்கு நன்றி. இளங்கோ தம்பி, ஒன்று மட்டும் விரிவாக வேண்டும். இந்த ஒப்பந்தத்துக்கென்று அங்கே தனிச் சட்டம் உண்டா? எங்கள் சங்கக் கூட்டத்தில் எடுத்துச் சொல்ல வேண்டும்.

இளங்கோ:
உண்டு, அண்ணா. 2016 மே மாதம் இயற்றப்பட்ட 13.288-ஆம் எண் சட்டம். அதில் உங்களுக்குப் பயன்படக்கூடியவை மூன்று. கையெழுத்துக்கு முன்பே, போட வேண்டிய முதலீடு, எதிர்பார்க்கத்தக்க வருவாய், இடர்கள் ஆகியவற்றை எழுதிய ஆவணம் ஒன்றை நிறுவனம் வளர்ப்பவருக்குக் கொடுத்தாக வேண்டும். ஒவ்வோர் ஆலைக்கும் இரு தரப்பிலிருந்தும் சம எண்ணிக்கையில் உறுப்பினர்கள் கொண்ட 'கடெக்' குழு அமைய வேண்டும். கணக்கு முறை, கழிவு, தகராறு எல்லாம் அங்கேதான் பேசப்படும். ஒவ்வொரு பேட்சின் கணக்கையும் எழுத்தில், சரிபார்க்கத் தக்க விவரங்களோடு தர வேண்டும்.

நடைமுறையில் குறை உண்டு. குழுவில் ஒரு பக்கம் கம்பெனியின் வழக்கறிஞரும் கணக்காளரும், மறுபக்கம் மறுநாள் காலை கொட்டகைக்குத் திரும்ப வேண்டிய விவசாயி. எம்ப்ராப்பா மாதந்தோறும் வெளியிடும் உற்பத்திச் செலவுக் குறியீட்டைக் கையில் எடுத்துக்கொண்டு போகும் குழுக்கள் ஓரளவு பேரம் பேசுகின்றன என்று அங்குள்ள சங்கத்தினர் சொன்னார்கள். தனியார் கம்பெனி அல்லாத ஓர் அமைப்பு போட்ட செலவுக் கணக்கு என்பதால் அதை எளிதில் தள்ளிவிட முடிவதில்லை.

பல்லடம் ராசு:
எங்களிடம் இல்லாதது அந்தக் கணக்குதான். கொட்டகைத் தேய்மானம், வீட்டார் உழைப்பு, கடன்வட்டி மூன்றையும் அந்தக் குறியீட்டில் சேர்க்கிறார்களா? சேர்க்கிறார்கள் என்றால் எந்த முறையில் என்று தெரிந்தால், கயல்விழி அம்மாவின் பல்கலைக்கழகத்திலேயே அதைப் போடச் சொல்லிக் கேட்கலாம் என்றிருக்கிறேன்.

மருத்துவர் கயல்விழி:
தேய்மானமும் உழைப்பும் மூலதனச் செலவும் தனித்தனி இனங்களாகவே அவர்களின் கணக்கில் வருகின்றன, ராசு அண்ணா. உங்கள் சங்கத்திலிருந்து கடந்த சில பேட்சுகளின் கணக்குத் தாள்களைப் பெயர் நீக்கி அனுப்பி வையுங்கள். எங்கள் கால்நடைப் பொருளாதாரத் துறையினரிடம் நானே கொண்டுபோய்க் கொடுக்கிறேன்.